புழுக் கிராணி

போன மாதம் எங்கள் தொழிற்சாலையின் உடை மாற்றும் அறையில், சுவர் மேல் ஒரு பூச்சி வந்து உட்கார்ந்திருந்தது. பச்சை என்றால் அப்படியொரு பச்சை, வாழைக் குருத்தின் பச்சை. இறக்கை ஓரத்தில் காப்பித்தூள் நிறத்தில் ஒரு கரை, தோள்பட்டையில் அதே நிறத்தில் ஒரு திட்டு. கட்டைவிரல் நகத்தைவிடக் கொஞ்சம் பெரிசு, அவ்வளவுதான். மலாக்காவை ஒட்டிய பத்து பெரண்டாம் ஊருக்கு எங்கிருந்து வந்ததோ தெரியவில்லை. எங்கள் செக்‌ஷன் பெண்கள் கைப்பேசியை எடுத்துக்கொண்டு அதைச் சுற்றி நின்றுவிட்டார்கள். "கியூட்லா இது! அக்கா, வந்து பாருங்களேன்," என்று ஒருத்தி கையைப் பிடித்து இழுத்தாள். போய்ப் பார்த்தேன். காலில் கிடந்த சிலிப்பரைக் கழற்றினேன். ஒரே அடி.

"ஐயையோ! அது ஒங்கள என்னாக்கா பண்ணுச்சு?"

என்ன பண்ணியது என்று சொல்ல? உண்மையில் அது ஒன்றுமே பண்ணாது. இறக்கை முளைத்த பிறகு அந்தப் பூச்சிக்குத் தின்ன வாய்கூடக் கிடையாது. கொஞ்ச நாள் பறக்கும், சோடி சேரும், முட்டை வைக்கும், செத்துப்போகும். இதெல்லாம் எப்படித் தெரியும் என்று அந்தப் பெண்கள் கேட்டிருந்தால் அந்த ஆளைப் பற்றிச் சொல்லவேண்டி வந்திருக்கும். அதனால் வாயை மூடிக்கொண்டு சுவரைத் துடைத்தேன்.

அங்கே சொல்லாததை இங்கே எழுதுகிறேன். பெயரை மட்டும் எழுத மாட்டேன். எழுதி என் கையைக் கெடுத்துக்கொள்வானேன்? ஜாசின் பக்கம் நாங்கள் இருந்த எண்ணெய்ச் செம்பனைத் தோட்டத்தில் அந்த ஆள் வெளிக்காட்டுக் கிராணி, காட்டு வேலைகளுக்குக் கணக்கர். மேனேஜர் துரைக்குக் கீழே, ஆள்களை மேய்க்கிற மண்டோர்களுக்கு மேலே. விடியற்காலையில் பெரட்டு நடக்கும். வேலைக்காரர்கள் எல்லாரும் ஆபீஸ் முன்னால் வரிசையாக நிற்க, இன்றைக்கு யார் எந்தக் காட்டுக்கு, என்ன வேலைக்கு என்று பெயர் கூப்பிட்டுப் பிரிப்பது அந்த ஆள்தான். முகத்துக்கு முன்னால் "ஐயா". முதுகுக்குப் பின்னால் "புழுக் கிராணி". எனக்கு 'அவன்' என்றே எழுத ஆசை. வளர்ப்பு விடமாட்டேன் என்கிறது.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். என் முதல் பிள்ளை தங்காமல் போனதற்கு அந்த ஆள்தான் காரணம் என்று நான் நினைக்கிறேன். டாக்டர் அப்படிச் சொல்லவில்லை. யாருமே சொல்லவில்லை. நான்தான் சொல்கிறேன்.

அந்த ஆளிடம் நீங்கள் எதைப் போய்ச் சொன்னாலும் பதில் ஒன்றுதான். "கொண்டா, பாப்போம்." குலை பழுத்துவிட்டது என்றால் கொண்டா, பாப்போம். பம்பு ஒழுகுகிறது என்றால் கொண்டா, பாப்போம். மழைக்காலத்தில் ஒருமுறை, மரப்பாலத்துக்கு மேல் தண்ணீர் ஏறிவிட்டது, லாரி போக முடியாது என்று சொல்லப்போன மண்டோரிடமும் பழக்கதோஷத்தில் அதையே சொல்லிவிட, மண்டோர் ஒரு வாளி செந்தண்ணீரைக் கொண்டுபோய் மேசைமேல் வைத்தாராம். அதை நான் பார்க்கவில்லை. ஆனால் நடக்காதென்று சொல்லவும் மாட்டேன்.

பார்த்தது இது. குலை வெட்டும் ஒருவருக்கு அப்பா இறந்துபோனார். அப்பா இருந்தது செர்காம் பக்கம். காரியம் முடித்து, சாம்பலைக் கடலில் கரைத்துவிட்டு, நாலாம் நாள் தலையில் தொப்பி போட்டுக்கொண்டு பெரட்டுக்கு வந்து நின்றார் மனிதர்.

"சாவுப் பத்திரம் கொண்டா, பாப்போம்."

"பதிவு ஆபீஸ்ல இன்னும் குடுக்கலைங்கய்யா." அவர் தொப்பியைக் கழற்றி மழித்த தலையைக் குனிந்து காட்டினார். "இந்தாங்க, பாத்துக்குங்க."

"மொட்ட தைப்பூசத்துக்குந்தான் அடிக்கிறானுங்க," என்றார் அந்த ஆள்.

வரிசையில் நின்றவர்களில் பாதிப்பேர் சிரித்துவிட்டார்கள். நானும் சிரித்தேன். இன்று நினைத்தால் என்னையே நான் அறைந்துகொள்ளலாம் போலிருக்கிறது. அந்த மனிதர் மட்டும் சிரிக்காமல் தொப்பியைத் திரும்பப் போட்டுக்கொண்டார்.

இனிப் புழுவுக்கு வருகிறேன். அந்தப் பச்சைப் பூச்சியின் பிள்ளைதான் அது. ஆபீஸ் பாரத்தில் பாராசா லெப்பிடா என்று போட்டிருக்கும். மலாய்க்காரர்கள் உலாட் பெலுஞ்சாஸ் என்பார்கள். எங்களுக்கு அது சுணைப்புழு. தாய்ப்பூச்சி மட்டைக்கு அடியில் முட்டையை மீன் செதில் ஒட்டின மாதிரி தட்டையாக ஒட்டிவைத்துவிட்டுப் போய்விடும். பொரித்தவை கொஞ்ச நாள் கூட்டமாக இருந்து இலையின் அடித்தோலைச் சுரண்டும். வளர்ந்ததும் தனித்தனியே பிரிந்து, ஈர்க்கு மட்டும் மிஞ்சும்படி முழு இலையையும் தின்று தீர்க்கும். பச்சை உடம்பு, முதுகு நெடுக நீலக்கோடு, இரண்டு பக்கமும் வரிசை வரிசையாக முள். தலைமாட்டிலும் வால்மாட்டிலும் இருக்கிற முள்ளுக்கு முனை சிவந்திருக்கும். கால் இருப்பதே தெரியாது, வழுக்கிக்கொண்டுதான் போகும். பார்க்க அழகுதான், யார் இல்லையென்றது? அந்த முள் கையில் பட்டால் கொதிக்கிற எண்ணெய் தெறித்த எரிச்சல். தடித்துக்கொண்டு மறுநாள்வரை கடுக்கும்.

அதை எண்ணுவதுதான் என் வேலை. சென்சஸ் என்று பெயர். பத்து நிரைக்கு ஒரு நிரை, அதில் பத்து மரத்துக்கு ஒரு மரம். நடு மட்டை ஒன்றை வளைத்துத் திருப்பிப் பார்த்து, எத்தனை புழு என்று பாரத்தில் எழுத வேண்டும். எண்ணிக்கை ஏறினால் மருந்தடிப்பு, ஏறாவிட்டால் இல்லை. பள்ளியில் ஐந்தாம் படிவம் முடித்திருந்ததாலும் மலாயில் எழுதத் தெரிந்ததாலும் எனக்கு அந்த வேலை கிடைத்தது. என் அம்மா மருந்துப் பம்பு சுமந்தே முதுகு வளைந்தவள். "நீயாச்சும் பேனா புடிச்சியே," என்று அக்கம்பக்கமெல்லாம் சொல்லிச் சொல்லி மாய்ந்துபோனாள்.

மற்ற தோட்டங்களில் எண்ணி எழுதினால் வேலை முடிந்தது. எங்கள் தோட்டத்தில் எண்ணின புழுவையெல்லாம் இலையோடு நறுக்கிப் பால் டின்னில் போட்டு ஆபீசுக்குக் கொண்டுவர வேண்டும். அந்த ஆள் பழைய செய்தித்தாளை விரித்து, டின்னைக் கொட்டி, சட்டைப்பையிலிருந்து இறைச்சி கோத்துச் சுடுகிற சாத்தே குச்சி ஒன்றை எடுத்து ஒவ்வொன்றாகத் தள்ளித் தள்ளி எண்ணுவார். ஒன்று குறைந்தாலும், "எங்க ஒண்ணு?" வழியில் செத்துச் சுருங்கினது, டின்னிலிருந்து ஏறி விழுந்தது என்று எதைச் சொன்னாலும் செல்லாது. எங்கள் கைகளில் சுணை படாத நாளே கிடையாது.

ஒருநாள் மருந்துக் கேங்கில் இருந்த பாக்கியம் அக்கா அழுதுகொண்டு ஆபீசுக்கு வந்தாள். முழங்கையிலிருந்து மணிக்கட்டுவரை தடித்துச் சிவந்திருந்தது. "பம்பு தூக்க முடியலீங்கய்யா, இன்னைக்கு வீட்டுக்குப் போறேன்." அந்த ஆள் கையைப் பார்த்தார். பார்த்தும் நம்பவில்லை. என் டின்னிலிருந்து கொழுத்த புழு ஒன்றைக் குச்சியால் எடுத்து, தன் சட்டைக் கையை மடித்துவிட்டு, முன்கைமேல் கவிழ்த்தார். கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தார். நெற்றியில் வேர்வை பூத்தது, தாடை இறுகியது, கண்ணில் தண்ணீர்கூட வந்தது. ஒரு சத்தம் போடவில்லை. அரை மணி நேரம் கழித்துச் சட்டைக் கையை இறக்கிவிட்டுக்கொண்டு சொன்னார்: "எரியுதுதான். ஆனா வேல செய்யலாம். போ."

பாக்கியம் அக்கா பம்பைத் தூக்கிக்கொண்டு போனாள். இந்த ஆளை என்ன செய்வது, சொல்லுங்கள். அடுத்தவள் வலியை நம்புவதற்குத் தன் கையைச் சுட்டுக்கொள்கிற மனிதன். சுட்டுக்கொண்ட பிறகாவது இரக்கம் வர வேண்டாமா?

ஒரு நல்லதும் உண்டு. எழுதாமல் விட்டால் நான் பொய்க்காரி ஆகிவிடுவேன். ஆபீஸ் சன்னலில் வரிசையாகப் போத்தல் வைத்து, மேலே கொசுவலைத் துணி கட்டி, அதில் புழு வளர்ப்பார். விவசாய இலாகா புத்தகத்தில் கூடு உடைய இத்தனை நாள் என்று போட்டிருந்தால் அதையும் நம்ப மாட்டார்; தன் போத்தலில் உடைகிற நாளை நாள்காட்டியில் வட்டம் போட்டு வைப்பார். சில கூட்டிலிருந்து பச்சைப் பூச்சிக்குப் பதிலாகச் சின்ன ஈ வரும். புழுவாக இருக்கும்போதே அதன் உடம்பைத் துளைத்து உள்ளேயிருந்து தின்றுவிட்ட ஈ. அது வந்தால் அந்த ஆளுக்கு முகமெல்லாம் பல். "இவன் நம்ம ஆளு. மருந்து அடிச்சா இவன்தான் மொதல்ல சாவான்," என்று சொல்லி, மருந்தே வேண்டாம் என்று துரையோடு மல்லுக்கு நின்றிருக்கிறார். அப்படி நின்றுபோன மருந்தடிப்பு எத்தனையோ. பூச்சி விஷயத்தில் அந்த ஆள் சொன்னது ஒருநாளும் பிசகியதில்லை. அதுதான் எனக்கு வயிற்றெரிச்சல்.

நாலாம் நம்பர் காடு இளம் மரங்கள் நட்ட காடு. ஒரு மாதம் அங்கே புழு ஏகமாக இருந்தது. அடுத்த முறை போனால் ஒன்றுமில்லை. மட்டையெல்லாம் ஈர்க்கும் குச்சியுமாகக் கிடக்கிறது, தின்றவனைக் காணோம். திருப்பித் திருப்பிப் பார்த்தேன். எனக்குக் குறித்திருந்த அத்தனை மரத்திலும் பார்த்து, எல்லாக் கட்டத்திலும் பூஜ்யம் எழுதி, வெறும் டின்னோடு ஆபீசுக்கு வந்தேன்.

"கொண்டா, பாப்போம்."

"இல்லாததை எப்படிங்கய்யா கொண்டாறது?"

மற்றக் கிராணிமார் இரண்டு பேர் சிரித்தார்கள். அதுதான் வினையாயிற்று. அந்த ஆள் மோட்டார் சைக்கிளை எடுத்தார். நான் பின்னாலேயே நடந்து போனேன். நாலாம் நம்பர் காட்டில் முதல் மரத்தடியில் மண்டிபோட்டு, அடிமட்டைகளை ஒதுக்கி, சாத்தே குச்சியால் தட்டினார். கொட்டை மாதிரி உருண்டையாக, கெட்டியாக, மண் நிறத்தில் கூடுகள் கும்பலாக ஒட்டிக்கொண்டிருந்தன.

"இது என்னா?"

"கூடுங்க."

"பாத்தியா இத?"

"பாத்தேன்."

"அப்புறம் பூஜ்யம் போட்டிருக்க?"

"பாரத்துல புழு எத்தனன்னுதான் கேட்டிருக்கு. கூடுக்குக் கட்டம் இல்லீங்க. கேட்டத மட்டும் எழுதுன்னு நீங்கதான சொன்னீங்க?"

அதுவும் சத்தியம். ஓரத்தில் சொந்தமாக எதையாவது எழுதிவைத்தால் பாரத்தைக் கிழித்து முகத்தில் எறிகிற ஆள் அவர். ஆனாலும் கூடு என்றால் என்ன என்று எனக்கும் தெரியும். புழு சாகவில்லை, உள்ளே போய்ப் படுத்துக்கொண்டிருக்கிறது. மூன்று நாலு வாரத்தில் மூடியைத் தள்ளிக்கொண்டு பூச்சியாக வரும். வாயால் ஒரு வார்த்தை நான் சொல்லியிருக்கலாம். பூஜ்யம் எழுதினால் மருந்தடிப்பு இல்லை, பெண்களுக்குக் கொஞ்ச நாள் பம்பு இல்லை என்று எனக்குள் ஒரு சந்தோஷம் இருந்தது. அதை நான் மறைக்கவில்லை.

"மரத்தடி நெழல்ல ஒக்காந்து பூஜ்யமா எழுதித் தள்ளிட்டு, கட்டம் இல்லைங்குறா," என்றார் அந்த ஆள்.

"எல்லா மரமும் பாத்தேங்கய்யா!"

"யாரு கண்டா?"

மறுநாள் பெரட்டில் என் பெயர் மருந்துக் கேங்கில் வந்தது. பேனா போயிற்று. என் அம்மாவிடம் அதை எப்படிச் சொன்னேன் என்று எழுத எனக்குத் தெம்பில்லை. மருந்தடிப்பு இல்லாத நாள்களில் கேங்கோடு புல் வெட்டினேன், உரம் போட்டேன்.

அந்த ஆள் சொன்ன கணக்குக்கே கூடுகள் உடைந்தன. ஒருநாள் காலை நாலாம் நம்பர் காட்டுக்குள் போனால் மட்டைக்கு மட்டை பச்சைப் பூச்சி. இறக்கையைக் கூரையாக மடித்துக்கொண்டு அசையாமல் உட்கார்ந்திருந்தன. மட்டையை உலுக்கினால் நாலு எழும்பி அடுத்த மட்டையில் உட்காரும். நான் அப்படியே நின்றுவிட்டேன். எனக்கு அப்போது நாள் தள்ளிப் போயிருந்தது. கல்யாணமாகி நாலு வருஷம் ஆகியும் ஒன்றுமில்லை என்று ஊர் வாயெல்லாம் கேட்டுச் சலித்தவள் நான். அந்தக் காலையில் எனக்கு எதைப் பார்த்தாலும் அழகாக இருந்தது, அந்தச் சனியனும்கூட.

மாமியாரிடம் சொன்னேன். அவர் என் வாயைக் கையால் பொத்தினார். "மூணு மாசம் முடியட்டும். அதுவரைக்கும் யாருகிட்டயும் மூச்சு விடாத. கண்ணு பட்டுரும்." எங்கள் பக்கம் எல்லா வீட்டிலும் சொல்வதுதான். கர்ப்பத்தைப் பதிந்து புத்தகம் வாங்கக் கிளினிக்குக்கும் போகவில்லை. கர்ப்பிணிகளைப் பார்க்கும் நாளில் போனால் வாசல் பெஞ்சில் தோட்டத்துப் பெண்கள் பாதிப்பேர் உட்கார்ந்திருப்பார்கள். மத்தியானத்துக்குள் லயத்து வீடுகள் முழுக்கத் தெரிந்துவிடும். மூன்று மாதம் ஆகட்டும் என்று விட்டோம்.

முட்டை பொரித்தது. புழு வந்தது. இந்த முறை ஈயை நம்பிப் பயனில்லை, மருந்துதான் என்று அந்த ஆளே எழுதிக்கொடுத்தார். எனக்கு இரண்டு மாதம் முடிந்து சில நாள். பெரட்டில் மருந்துக்கு என் பெயரைக் கூப்பிட்டதும் மேசைக்குப் பக்கத்தில் போய்க் குரலைத் தாழ்த்திக் கேட்டேன்.

"ஐயா, இன்னைக்கு எனக்கு மருந்து வேணாங்க. வேற வேல குடுங்க."

"ஏன்?"

"ஒடம்பு சரியில்லீங்க."

"டாக்டர் குடுத்த எம்சி கொண்டா, பாப்போம்."

"அது... எம்சி இல்லீங்க. அது வேற."

"என்னா வேற? முணுமுணுக்காம சத்தமா சொல்லு."

பின்னால் வரிசையில் இருந்த அத்தனை பேரும் பேச்சை நிறுத்திவிட்டார்கள். ஆம்பளைகளும் நின்றார்கள். மாமியார் பொத்தின வாய் அது.

"முழுகாம இருக்கேன்," என்றேன்.

எங்கேயோ ஒரு அக்கா "அலாமாக்!" என்றாள். அந்த ஆள் தலையை நிமிர்த்தவில்லை. பேனாவைக் காகிதத்தில் வைத்தபடியே கேட்டார்: "கிளினிக் புக்கு?"

"இன்னும் போடலீங்க."

"புக்கு கொண்டா, பாப்போம். கொண்டாந்த அன்னைக்கே மாத்திடுறேன். ரூல்ஸ்ல இருக்கு."

"நாளன்னைக்கித்தாங்க கிளினிக்கு."

"அப்ப நாளன்னைக்கி மாத்துறேன்," என்று அடுத்த பெயரைக் கூப்பிட்டார்.

நான் வீட்டுக்குப் போயிருக்கலாம். பாக்கியம் அக்கா என் தோளைப் பிடித்து உலுக்கினாள். "போடி வீட்டுக்கு! ரெண்டு நாள் பேரும் கூலியும் போனா போவுது. பைத்தியமாடி ஒனக்கு?" நான் போகவில்லை. "போனா பொய்யின்னு ஆயிடும்கா," என்றேன். அப்படித்தான் சொன்னேன், அட்சரம் பிசகாமல் நினைவிருக்கிறது. பூஜ்யத்துக்கு நான் பொய்க்காரி ஆனது போதும், வயிற்றில் இருக்கிற பிள்ளைக்கும் பொய்க்காரி ஆவதா என்று ஒரு ரோஷம். பம்பை எடுத்து முதுகில் மாட்டினேன். முதல் நாள் பூராவும் அடித்தேன். இரண்டாம் நாள் பாதியில் வாசனை குமட்டி உட்கார்ந்துவிட்டேன். "தாப்பாலா, பரவால்ல, நான் பாத்துக்குறேன், நீ ஒக்காரு," என்று பாக்கியம் அக்கா என் பம்பையும் தன் பம்போடு மாற்றி மாற்றிச் சுமந்தாள்.

மூன்றாம் நாள் கிளினிக்குக்குப் போய்ப் புத்தகத்தை வாங்கிவந்து அந்த ஆளின் மேசைமேல் வைத்தேன். ஒவ்வொரு பக்கமாகப் புரட்டினார். முத்திரையைச் சன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். சொன்ன சொல் தவறாமல் அன்றைக்கே என்னை நாற்றங்கால் வேலைக்கு மாற்றினார்.

ஒன்பதாம் நாள் பிள்ளை போய்விட்டது.

முதல் மூன்று மாதத்தில் பலருக்கு இப்படி ஆகும், காரணம் இன்னதென்று சொல்ல முடியாது என்றார் டாக்டர். மாமியாருக்குச் சந்தேகமே இல்லை: பெரட்டில் அத்தனை பேர் முன்னால் சொன்னேனே, அந்தக் கண்தான். ஒரு மாதம் கழித்து நான் வேலைக்குத் திரும்பினபோது அந்த ஆள் பெயர் கூப்பிட்டார்: "சென்சஸ்." அவ்வளவுதான். ஒரு வார்த்தை கூடுதலாக இல்லை. பேனா திரும்பி வந்தது. எனக்கு அதைத் தொடப் பிடிக்கவில்லை. அந்த வருஷத்துக்குள் நாங்கள் தோட்டத்தை விட்டுப் பத்து பெரண்டாமுக்கு வந்துவிட்டோம். அப்புறம் இரண்டு பையன்கள் பிறந்தார்கள். நன்றாக இருக்கிறார்கள்.

சிலிப்பரால் அந்தப் பூச்சியை அடித்த அடுத்த வாரம் பாக்கியம் அக்கா மகளுக்குக் கல்யாணம், மலாக்காவில் ஒரு மண்டபத்தில். பந்தியில் நான் உட்கார்ந்து இலையில் தண்ணீர் தெளித்துக்கொண்டிருந்தபோது, ஒரு பெண் வயசான ஒருவரைக் கைப்பிடித்துக் கொண்டுவந்து என் பக்கத்து நாற்காலியில் உட்காரவைத்துவிட்டு, "சாப்பிடுங்கப்பா, வந்துடுறேன்," என்று போனாள். திரும்பிப் பார்த்தேன். அந்த ஆள்தான். சர்க்கரை வியாதியில் பார்வை போய்விட்டிருந்தது. சோற்றை விரலால் தடவித் தடவித் தேடினார்.

"பக்கத்துல யாரு?"

எழுந்து போயிருப்பேன். பாக்கியம் அக்கா எதிரில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

"நாலாம் நம்பர் காட்டுல பூஜ்யம் எழுதுனவ," என்றேன்.

"அடடே!" முகம் மலர்ந்துவிட்டது அந்த ஆளுக்கு. "அது சரியான பூஜ்யம்லா. அதுக்கு அடுத்த மாசமே, பாரத்துல கூடுக்கு ஒரு கட்டம் போடணும்னு தொரகிட்ட எழுதிக் குடுத்தேன். போட்டாங்க."

எனக்குக் கை நின்றுவிட்டது. "அப்ப நான் பொய் சொல்லலன்னு ஒங்களுக்குத் தெரியுமா?"

"அன்னைக்கே தெரியும். மழ பேஞ்ச மண்ணு. ஒன் காலடி எல்லா மரத்துக்கிட்டயும் இருந்துச்சு. பாத்தேனே."

"அப்புறம் ஏன்யா என்னைய மருந்துக்குப் போட்டீங்க?"

"நாலு பேரு முன்னுக்க எதுத்துப் பேசுன இல்ல? நாளைக்கு எவன் என் பேச்சக் கேப்பான்?" சர்வசாதாரணமாகச் சொல்லிவிட்டு அப்பளத்தை நொறுக்கினார். "ஒனக்குப் பிள்ளைங்க எத்தன இப்ப?"

"மூணு."

"ரெண்டுன்னுல்ல பாக்கியம் சொன்னுச்சு?"

"ரெண்டு வீட்டுல இருக்கு. நீங்க பெரட்டுல புக்கு கேட்டீங்களே, அதையும் சேத்துச் சொன்னேன்."

"புக்கு கொண்டாந்திருந்தா நான் பம்பு தூக்க விட்டிருக்க மாட்டேன்," என்றார்.

யோசிக்கவே இல்லை. சொன்ன வாய் மூடுவதற்குள் பதில் வந்துவிட்டது. அவ்வளவு சீக்கிரம் வர வேண்டுமானால், அந்த ஆள் அதை எத்தனை தடவை தனக்குத்தானே சொல்லிப் பார்த்திருக்க வேண்டும்! இருட்டில் உட்கார்ந்துகொண்டு இத்தனை வருஷம் அதையே சொல்லிக்கொண்டிருந்திருக்கிறார். எனக்கு இரக்கம் வரும் என்று பார்த்தேன். வரவில்லை. ஏனென்றால் அந்த வாக்கியம் என்னுடையது. முதல் நாளே வெட்கத்தைவிட்டுக் கிளினிக்குக்குப் போய்ப் புத்தகம் போட்டிருந்தால், போட்டிருந்தால் என்று குளிக்கும்போதும் சோறு பொங்கும்போதும் பஸ்ஸுக்கு நிற்கும்போதும் நான் சொல்லிக்கொள்வது.

"தெரியும்," என்றேன். "நானும் தெனம் அதத்தான் சொல்லிக்கிறேன்."

"அதான?" என்றார் அந்த ஆள். என் வாயிலிருந்து அது வர வேண்டும் என்றுதான் காத்திருந்த மாதிரி பெரிய மூச்சு ஒன்றை விட்டு, பரிமாறுகிறவரைக் கூப்பிட்டு ரசம் ஊற்றச் சொன்னார்.

அந்த நிம்மதியைக் கொடுத்தவள் நான். அதுதான் எனக்கு இன்றுவரை ஆறவில்லை.